மூன்றாவது பிரதியில் இல்லாத சாயங்காலம்

பதிப்பகத்திலிருந்து மோனிகா என்ற பெண் போன் செய்தபோது, சாலமோன் கம்பெனி கேட்டுக்கு எதிரே இருந்த டீக்கடையில் பாதி வடையை வாயில் வைத்துக்கொண்டு நின்றிருந்தான். அப்படியொரு போன் வரும் நேரத்தில் எழுத்தாளன் ஜன்னலோரம் தாடையைத் தாங்கி உட்கார்ந்திருப்பான் என்றுதான் இத்தனை வருஷமாக நினைத்திருந்தான். வடையை விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் மனம் வரவில்லை. "ம்" என்றான். தமிழ்ப் பதிப்புலகத்துக்கு அவன் சொன்ன முதல் வார்த்தை அதுதான்.

"சார், நாவல் படிச்சிட்டேன். மில்லு, பர்னஸ் எல்லாம் நல்லா வந்திருக்கு. படிக்கிறப்பவே வேர்க்குது. ஆனா ஒண்ணு கேக்கணும்."

"கேளுங்க மேடம்."

"உங்க நாவல்ல யாருமே யார்கூடயும் பத்து நிமிஷத்துக்கு மேல இருக்க மாட்டேங்கறாங்களே. ஒருத்தர் வர்றாரு, நாலு வார்த்தை பேசறாங்க, இன்னொருத்தர் கிளம்பிடறாரு. காதல்கூட அப்படித்தான் நடக்குது. இது ஸ்டைலா சார், இல்ல..."

"ஸ்டைலுதான் மேடம்" என்றான் சாலமோன் அவசரமாக. பழைய இரும்பு ஏற்றிய லாரி ஒன்று அவன் பொய்யின்மேல் புழுதி இறைத்துவிட்டுப் போனது.

"அப்ப ஒரே ஒரு அத்தியாயத்துக்கு ஸ்டைலை விட்டுடுங்க. அந்தப் புருஷனும் பொண்டாட்டியும் ஒரு சாயங்காலம் முழுக்க ஒரே வீட்டுல இருக்கணும். பெருசா ஒண்ணும் நடக்க வேணாம், சும்மா இருந்தாப் போதும். மாசக் கடைசிக்குள்ள குடுத்தீங்கன்னா ஜனவரி புத்தகக் கண்காட்சிக்குப் போட்டுடலாம். இல்லேன்னா எங்க சார் அடுத்த வருஷம்னு சொல்லிடுவாரு."

அடுத்த வருஷம் என்றால் என்னவென்று சாலமோனுக்குத் தெரியும். கம்பெனியில் கேன்டீன் கட்டித் தருவதாக நிர்வாகம் சொல்லிவருவதும் அந்த வருஷத்தில்தான்.

நாவலை அவன் மூன்று தடவை எழுதியிருந்தான். முதல் பிரதி, பொன்னேரி நூலகத்தில் எடுத்துப் படித்த நாவல்களின் மயக்கத்தில் எழுதியது. அந்த நாவல்களிலெல்லாம் ஆறு ஓடியது. ஆகவே அவனும் ஓர் ஆற்றை ஓடவிட்டான். அவன் கண்ட ஆறு ஆரணியாறு ஒன்றுதான். அதில் வருஷத்தில் பாதி நாள் மணல் லாரிகள்தான் ஓடும். இருந்தும் கதாநாயகன் படித்துறையில் உட்கார்ந்து, காலால் தண்ணீரை அளைந்தபடி சங்கீதத்தைப் பற்றிப் பேசினான். தன் அப்பனையோ தாத்தனையோ எந்தப் படித்துறையிலும் எவரும் உட்காரவிட்டதில்லை என்பது சாலமோனுக்குக் கடைசிப் பக்கத்தில்தான் உறைத்தது. இரண்டாவது பிரதிக்கு, சென்னை நடைபாதையில் எடைக்கு வாங்கிய ரஷ்ய மொழிபெயர்ப்புகள் பொறுப்பு. அதில் கும்மிடிப்பூண்டியில் எல்லோரும் எல்லோரையும் அப்பா பெயரையும் சேர்த்து முழுப்பெயர் சொல்லிக் கூப்பிட்டார்கள். கதாநாயகன் கனத்த கோட்டு ஒன்றை மாட்டிக்கொண்டு, மனிதகுலத்தின் துயரத்தை எண்ணிச் சிப்காட் சாலையில் நடந்தான்.

"மே மாசத்துலயா கோட்டு போட்டுக்கினு போறான்?" என்று கேட்டவன் சஹாபுதீன். "வேர்க்குரு வந்து சாவப் போறாம்பா. அதான் துயரமா கீறான்."

பழவேற்காட்டிலிருந்து பஸ் பிடித்து வரும் சஹாபுதீன்தான் சாலமோனுக்கு முந்தைய ஷிப்ட். இரும்பைப் பழுக்கக் காய்ச்சும் பர்னஸை ஆளில்லாமல் விடக்கூடாது. அடுத்தவன் வந்து பக்கத்தில் நின்று, நிலவரம் கேட்டு, சரி என்று தலையாட்டினால்தான் முதலாமவனுக்கு விடுதலை. எந்த பர்னர் திக்குகிறது, எந்த வால்வைத் தட்டிக் கொடுக்க வேண்டும் என்பதெல்லாம் இரண்டு நிமிஷத்தில் முடிந்துவிடும். மிச்ச நேரத்தில் சாலமோன் நாவலைச் சொல்வான். மூன்று பிரதிகளையும் சஹாபுதீன் அப்படி நின்றபடியே கேட்டு முடித்திருந்தான். மில்லைப் பற்றிய மூன்றாவது பிரதியைக் கேட்டபோது, "இப்பத்தான்பா படிக்கிறவன் மூக்குல கரி ஏறும்" என்று சான்றிதழ் கொடுத்தான். பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டதால் மேற்கொண்டு பாராட்டவில்லை.

வீட்டிலும் ஏறக்குறைய அதே ஏற்பாடுதான். கிரேஸ், கார்களுக்கு ஒயர் பின்னும் கம்பெனியில் வேலை செய்தாள். மகள் பிறந்ததும், குழந்தையைப் பார்த்துக்கொள்ள யாராவது ஒருவர் வீட்டில் இருக்க வேண்டும் என்று இருவருமே சூப்பர்வைசர்களிடம் கெஞ்சி, எதிரெதிர் ஷிப்டாகப் போட்டுக்கொண்டார்கள். அவளுக்கு வார விடுமுறை ஞாயிறு, அவனுக்குப் புதன்; அந்தப் புதனையும் அவன் ஓவர்டைமுக்குக் கொடுத்துவிடுவான். பெத்திக்குப்பத்து வீட்டு வாசலில் ஒருவர் செருப்பை மாட்டும்போது மற்றவர் கழற்றுவார். "கொழம்பு மூடி வெச்சிக்கிறேன், கேஸு தீரப்போவுது, பாப்பாக்கு லேசா ஜொரம்" என்று சொல்லி முடிப்பதற்குள் தெருமுனையில் கம்பெனி வேன் ஆரன் அடிக்கும். மகள் வளர்ந்து, நர்ஸிங் படிக்க வேலூர் ஹாஸ்டலுக்குப் போய் இரண்டு வருஷமாகிறது. ஷிப்டைப் பழையபடி மாற்றிக்கொள்ளலாம் என்பது இருவருக்கும் தோன்றவே இல்லை.

எழுத உட்கார்ந்தபோதுதான் வில்லங்கம் தெரிந்தது. கணவன் வீட்டுக்கு வந்தான் என்று எழுதினான். மனைவி சொம்பில் தண்ணீர் கொடுத்தாள். கணவன் குடித்தான். அதற்கப்புறம் பேனா தானாகவே, 'அவள் கிளம்பினாள்' என்று எழுதியது. அடித்துவிட்டு மறுபடி உட்காரவைத்தான். இந்தமுறை கணவன் கிளம்பிப் போனான். கதாநாயகனுக்கு டைபாய்டு வரவழைத்துக் கட்டிலில் கிடத்திப் பார்த்தான். பார்க்க வந்தவர்கள் எல்லோரும் பத்து நிமிஷத்தில் எழுந்து போனார்கள். எத்தனையோ நாவல்களைக் கரைத்துக் குடித்தவன் அவன். மாஸ்கோ மாளிகைகளில் புருஷனும் பெண்டாட்டியும் என்ன பேசிக்கொள்வார்கள் என்று கேட்டால் மூச்சுவிடாமல் சொல்வான். பெத்திக்குப்பத்தில் கிரேஸ் சாயங்காலம் ஐந்து மணிக்கு என்ன செய்வாள் என்று அவனுக்குத் தெரியாது.

திங்கட்கிழமை மதியம் ஷிப்ட் மாற்றும்போது சஹாபுதீனிடம், "நாளைக்கு எனக்கும் சேத்து டபுள் பாக்கறியா?" என்று கேட்டான்.

"யாரு செத்துட்டாங்க?"

"யாரும் சாவல. ஒரு அத்தியாயம் பாக்கி."

சஹாபுதீன் கையுறையைக் கழற்றிக்கொண்டே அவனை மேலும் கீழும் பார்த்தான். "பெரிய பேஜாருபா உன்னோட. போ. அந்த அத்தியாயத்துல என்னிய ஒரு ரவுண்டு நடக்க உடு. கோட்டு மட்டும் வேணாம்."

மறுநாள் கிரேஸ் காலை ஷிப்ட் முடிந்து வேனிலிருந்து இறங்கி வந்தாள். வாசலில் அவன் செருப்பைப் பார்த்ததும் நின்றுவிட்டாள். மகள் போனபிறகு அவள் வரும் நேரத்தில் பூட்டியே இருக்கும் வீடு திறந்திருந்தது. சாப்பாட்டுப் பையை அப்படியே போட்டுவிட்டு உள்ளே ஓடிவந்து, அவன் இரண்டு கைகளையும் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். விரல்கள் எல்லாம் இருந்தன.

"இன்னாயா ஆச்சு? கம்பெனில எதுனா ஆக்சிடென்டா? வேலைய உட்டுத் தூக்கிட்டானுங்களா?"

"ஒண்ணும் இல்ல கிரேசு. சும்மா, லீவு."

"சும்மாவா?" என்றாள். அந்த வார்த்தையைப் புதுசாகக் கேட்பவள்போல இருந்தது.

அதற்குமேல் என்ன செய்வதென்று அவளுக்கும் தெரியவில்லை. முகம் கழுவினாள். டிவியைப் போட்டாள், அவன் பார்க்கிறான் என்று அணைத்தாள். அவளுக்கு வழிவிட அவன் ஒதுங்கிய இடமெல்லாம் அவள் போக வேண்டிய இடமாகவே இருந்தது. பொழுது சாய, காலையில் வடித்த சோற்றில் மோர் ஊற்றி, ஊறுகாய்ப் பாட்டிலைத் திறந்தவள் அவனைப் பார்த்துச் சங்கடத்துடன் மூடினாள். "தனியாத்தான கீறேன்னு சாயங்காலத்துல நா ஒண்ணும் ஆக்க மாட்டேன். உனுக்கு இன்னா செய்யட்டும்?" ஜன்னல் கம்பியில் ஒரு காக்கை வந்து உட்கார்ந்தது. அவள் திரும்பாமலே, "இருடி, வர்றேன்" என்றாள். ஒரு பிடிச் சோற்றை வைத்தபிறகுதான் அவன் நிற்பது நினைவுக்கு வந்து, உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

சாலமோன் சட்டைப்பையிலிருந்து மடித்த தாளை எடுத்து, காக்கை, இருடி, மோர்சோறு என்று குறித்துக்கொண்டான்.

"இன்னாத்த எழுதிக்கினு கீற?"

சொன்னான். மோனிகா போன் செய்தது, ஒரு முழுச் சாயங்காலம் கேட்டது, சஹாபுதீன் டபுள் பார்ப்பது எல்லாவற்றையும் வேடிக்கையாகவே சொன்னான். டைபாய்டு வந்த இடத்தில் அவள் சிரிப்பாள் என்று எதிர்பார்த்தான்.

"அப்ப இந்த லீவு கதைக்கா?"

அவன் பேனாவைச் சட்டைப்பையில் செருகினான்.

"பாப்பா பொறந்தன்னைக்குக்கூட ஷிப்டு முடிச்சிக்கினுதான வந்த. எனுக்குன்னு ஒரு நாளு போட்டியாய்யா நீ?" கத்தவில்லை. கேஸ் தீரப்போகிறது என்று சொல்லும் அதே குரல். ஏதாவது ஜோக்கைத் தேடினான். கைவசம் இருந்ததெல்லாம் தன்னைப் பற்றியவை. தாளை மடித்தான். மறுபடி மடித்தான். அதற்குமேல் அது மடியவில்லை.

அப்போது கரண்ட் போனது. தெருவில் ஒவ்வொரு வீடாகக் கதவு திறக்கும் சத்தம் கேட்டது.

"அந்தக் கதைல நா கீறேனா?" என்று கிரேஸ் இருட்டில் கேட்டாள்.

"கீற."

"இன்னா பண்றேன்?"

"வேலைக்குப் போற."

"அப்பறம்?"

"வர்ற."

"வந்து?"

சாலமோன் யோசித்தான். "அதுக்குள்ள நா கெளம்பிடறேன்" என்றான்.

அவள் மூக்கு வழியாக ஒரு சத்தம் வந்தது. சிரிப்பா அழுகையா என்று அவனுக்குப் பிடிபடவில்லை. பிறகு அவள், "எடுத்தா, வெளில வெளிச்சம் கீது. படி, கேக்கறேன்" என்றாள்.

அவன் நாவல் கட்டோடு வாசலுக்கு வந்தான். அவள் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு வந்து சுவரோரம் போட்டுவிட்டு, இன்னொன்றை எடுக்கத் திரும்பி, வாசற்படியில் நின்றாள். வீட்டில் இன்னொன்று இல்லை. எப்போதும் இருந்ததில்லை. இருவரும் அந்த ஒற்றை பிளாஸ்டிக் நாற்காலியைப் பார்த்தார்கள்.

"நா கீழ குந்திக்கிறேன்" என்றான்.

"தரையில சாக்கடத் தண்ணி. இரு."

அவள் தெருவில் இறங்கி நான்கு வீடு தள்ளி ரோசம்மாள் வீட்டுக்குப் போனாள். கும்மிடிப்பூண்டிப் பக்கம் வானம், ஆலைப் புகையோடு சேர்ந்து செங்கல் நிறத்தில் கிடந்தது. ரோசம்மாளின் குரல் தெரு முழுக்கக் கேட்டது. "இன்னாடி, யாரு வந்துகிறாங்க ஊட்டுக்கு?" கிரேஸ் சொன்ன பதில் அவன் காதில் விழவில்லை. ரோசம்மாள் ஏதோ கேலி பேச, பெண்கள் சிரித்தார்கள். பிறகு அந்த மங்கல் வெளிச்சத்தில், நீல நாற்காலியைக் கவிழ்த்துத் தலையில் வைத்துக்கொண்டு, நான்கு கால்களும் வானத்தைப் பார்க்க, அவள் தேங்கிக் கிடந்த தண்ணீரைச் சுற்றி வந்துகொண்டிருந்தாள். தெருமுனையில் ஏதோ ஒரு கம்பெனி வேன் ஆரன் அடித்தது. அவள் நடையை வேகப்படுத்தவில்லை.