இருபத்தொரு நாள் பார்க்காத கால்

பகவதிப்பெருமாளுக்குச் சர்க்கரை வந்து பதினைந்து வருடம். ஆரியசாலைக் கடைத்தெருவில் வற்றல் மிளகாய் மொத்த வியாபாரம். உள்ளங்கால் மரத்துப்போய் நாலு வருடமாகிறது, ஆணி ஏறினாலும் தெரியாது. அதனால் தினமும் படுக்கும் முன் அவர் கால்களை மடியில் வைத்து, டார்ச் அடித்து விரலிடுக்கு வரை பார்ப்பது மனைவி பகவதியம்மாளின் வேலை. டாக்டர் ஒரே தடவைதான் சொன்னார். அவள் ஒரு நாளும் தவறியதில்லை.

கார்த்திகை ஒன்றாம் தேதி அவர் சபரிமலைக்கு மாலை போட்டார். செருப்பைக் கழற்றினார், பாயை முன்னறைக்கு மாற்றினார். விரதக்காரரைப் பெண்டாட்டி தொடக்கூடாது என்பது அந்த வீட்டு வழக்கம். அவளும் ‘சாமி’ என்று கூப்பிட்டு எட்டவே நின்றாள். கால் பார்ப்பதும் நின்றது. அதில் இருவருக்கும் ஒரு தப்பும் தோன்றவில்லை.

இருபதாம் நாள் சாமி பேச்சைக் குறைத்தார். கேட்டதற்கு மட்டும், அதுவும் மெதுவாகப் பதில் சொன்னார். கடைக்கு வந்தவர்கள் விரதம் நன்றாகப் பிடித்துவிட்டது என்று மெச்சினார்கள். அவளுக்கும் உள்ளூரப் பெருமைதான். இலேசாகக் காய்ச்சல் என்றார். விடியற்காலைப் பச்சைத்தண்ணீர்க் குளியலின் வேலை என்று சுக்குக் காப்பி போட்டுக் கொடுத்தாள். மறுநாள் காலை அவர் நெற்றியில் வேர்வை கொட்டியதைப் பார்த்து, காய்ச்சல் விட்டது என்று நிம்மதியாக அடுப்படிக்குப் போனாள்.

இட்லியோடு திரும்பியபோது அவர் படியேறி வந்தவரைப்போல மூச்சிரைத்துக்கொண்டிருந்தார். அவளைப் பார்த்து, செத்துப்போன தன் அக்காவின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். தட்டைக் கீழே வைத்துக் கையைப் பிடித்தாள். ஜில்லென்றிருந்தது. விரதமாவது ஒன்றாவது என்று காலைத் தூக்கிப் பார்த்தாள். உள்ளங்காலில், விரல்களுக்கு அடியில், கறுத்து நாறும் புண். சிவப்பு முழங்கால்வரை ஏறியிருந்தது.

ஆஸ்பத்திரியில் ரெஷ்மா டாக்டர் பிரஷர் எழுபது என்றாள். கடைசியாக எப்போது மூத்திரம் போனார் என்று கேட்டாள். நாற்பது வருடம் கூடக் குடித்தனம் நடத்தியவளுக்கு அது தெரியவில்லை.

“அம்மே, வேர்த்தது காய்ச்சல் விட்டதல்ல, பிரஷர் விழுந்ததாணு,” என்றாள் டாக்டர், மலையாளம் கலந்த தமிழில். “இது செப்சிஸ். புண்ணிலுள்ள கிருமியோட சண்டை போடப் போயி, ஒடம்பு அதோட சொந்த கிட்னியையும் மூளையையும் கெடுக்குது. சுகர் உள்ளவங்களுக்கு இது வேகம் வரும். ஒவ்வொரு மணிக்கூறும் முக்கியம், கேட்டோ.”

ரத்தம் எடுத்தார்கள், மருந்தும் சலைனும் ஏற்றினார்கள். கழுத்தில் ஊசிக்குழாய் போடவேண்டும், மாலை இடைஞ்சல் என்றாள் நர்ஸ். குருசாமி கையால்தான் கழற்றவேண்டும் என்பது பகவதியம்மாளுக்கும் தெரியும். ஐயப்பன் மன்னித்தால் மன்னிக்கட்டும் என்று அவளே கழற்றினாள். மத்தியானம் அழுகிய இரண்டு கால்விரல்களை எடுக்கக் கையெழுத்துப் போட்டாள். பிழைப்பாரா என்று கேட்டதற்கு, இரண்டு நாள் போகட்டும் என்றார்கள்.

அந்த இரண்டு நாளும் அதற்குப் பிறகும், ஒரு டார்ச்சை எடுத்து அடிக்க முடியாத பாவி நான் என்று ஐசியு வாசலில் தன்னையே சபித்துக்கொண்டிருந்தாள்.

ஆறாம் நாள் அவருக்குப் புத்தி தெளிந்தது. அவள் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு, நான் பார்க்காமல் விட்டுவிட்டேனே என்று அழுதாள். அவர் சுவர்ப்பக்கம் திரும்பினார்.

“நீ என்னத்துக்கு அழுற? எனக்குத் தெரியும், கேட்டியா. இங்க வாறதுக்குப் பத்து நாளு முன்னாலயே கடையில சாக்கு தைக்க ஊசி ஏறிச்சு. தரையில ரத்தத்தப் பாத்தேன். சொன்னா நீ செருப்பு போடச் சொல்லுவ, விரதம் மொடங்கிரும்லா.”

அவள் அழுகை நின்றுபோயிற்று. பிறகு வாய்க்கு வந்தபடி திட்டினாள். நாற்பது வருடத்தில் அவரை அப்படிப் பேசியதில்லை. மற்ற நோயாளிகள் திரும்பிப் பார்த்தார்கள், நர்ஸ் ஓடிவந்தாள். உயிரோடு இருக்கிற புருஷனைத்தான் இப்படித் திட்டமுடியும் என்பது திட்டத் திட்ட அவளுக்கு உறைத்தது. அதனால் அவள் நிறுத்தவில்லை.