என் கடைவாயில் வழிந்த சிவப்பு

1.

நான் செத்தபோது உடனிருந்தவர்கள்: என் தங்கையின் பிள்ளைகள் கௌசலா, கிருசாந்தன், பக்கத்து வளவு ஆசியா உம்மா, அவருடைய மகன் மஹ்றூப். நானும் இருந்தேன். ஆனால் கண் மூடி, கால் பெருவிரல்கள் சேர்த்துக் கட்டப்பட்டுக் கிடந்தபடியால் என்னைச் சாட்சியாகக் கொள்ள முடியாது.

இந்தக் கதை பிறந்தது அங்கேதான். அழுகைச் சத்தம் கேட்டு ஓடிவந்த ஊர், நான் எழும்பி உட்கார்ந்ததையும் என் கடைவாயில் சிவப்பு வழிந்ததையும் கண்டு வந்த வேகத்திலேயே திரும்பி ஓடியது. எங்கள் ஊரான தண்ணீரூற்றில் புறப்பட்ட கதை வவுனியாவில் போய்த்தான் நின்றது. கௌசலாவுக்குப் பேசியிருக்கும் மாப்பிள்ளை வீடு அங்கேதான். மாப்பிள்ளையின் தாய் நிசாந்தினி தொலைபேசி எடுத்தார்.

“அம்மா, குறை நினைக்காதேங்கோ. உங்கட வீட்டில இரத்தக்காட்டேரி இருக்கெண்டு கதைக்கினம். ஞாயிற்றுக்கிழமைக்கு முதல் ஒரு மறுமொழி சொல்லுங்கோ. இல்லாட்டி நாங்கள் வேற இடம் பார்ப்பம்.”

(மாப்பிள்ளை அஜந்தன் ஓர் ஆய்வுகூடத்தில் காலை தொடக்கம் மாலை வரை ஊராரின் இரத்தத்தை ஊசியால் உறிஞ்சிச் சம்பளம் வாங்குபவர். இதை நான் சுட்டிக்காட்டவில்லை. சம்பந்தி வீட்டாரைக் குத்திக் கதைக்கும் வழக்கம் எங்கள் குடும்பத்தில் இல்லை.)

மறுமொழியை எழுத்தில் கொடுப்பதென்று தீர்மானித்தேன்.

2.

முதல் தொடக்கம்: ‘அன்று நோன்பு மாதத்து மாலை. எங்கள் வீட்டில் பா

வெட்டிவிட்டேன்.

இரண்டாம் தொடக்கம்: ‘மூன்று கறவை மாடுகள் நிற்கும் எங்கள் வளவில், அன்றைக்கென்று பார்த்து ஒரு கரண்டிப் பா

பேனா அதே இடத்தில் நிற்கிறது. வாசகர் பொறுத்துக்கொள்ள வேண்டும். இக்கட்டில் அகப்பட்ட படித்தவர்கள் வரலாறு பேசுவார்கள். நானும் பேசுகிறேன்.

3.

கிழக்கு ஐரோப்பாவில் சந்தேகப்பட்ட பிணங்களைத் தோண்டிப் பார்த்தார்கள். உடல் ஊதியிருந்தது, வாயோரம் இரத்தம். அழுகும் உடல் அப்படித்தான் இருக்கும் என்று சொல்ல ஆளில்லை. நெஞ்சில் கட்டை இறக்கினார்கள். மலாய் நாட்டில் பிரசவத்தில் இறந்தவள் திரும்பி வருவாள். பிடரியில் ஆணி அடித்தால் அடக்கமான மனைவியாகிவிடுவாளாம். (இந்தக் கதையைக் கட்டியவர் ஓர் ஆண் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை.) சீனத்துப் பிணம் விறைத்த காலோடு தத்தித் தத்தி வரும். எனக்கும் முழங்கால் வாதம் என்பதால் அதன்மேல் தனி அனுதாபம். அழைக்காத வீட்டுக்குள் காட்டேரி நுழையாது என்றும் சில இடங்களில் சொல்வார்கள். நல்ல வளர்ப்பு.

இவற்றுக்கெல்லாம் மூத்தது மெசொப்பொத்தேமியா. அங்கே இறந்தவர்களுக்குத் தண்ணீரும் சாப்பாடும் படைப்பார்கள். படைக்க மறந்தால் அந்த ஆவி தாகத்தோடு அலைந்து உயிரோடிருப்பவரைப் பிடிக்கும். போகிற உயிருக்கு நாங்கள் கரண்டியால் பால் பருக்குவதும் அதே பயத்தில்தான் என்பது என் எண்ணம். ஆகவே என் முடிவு இது: இரத்தம் குடிக்கும் பேய் புதைகுழியில் பிறப்பதில்லை. கடைசி மிடறு கொடுக்காத வீட்டில் பிறக்கிறது.

எழுதி முடித்த பிறகுதான் அந்த வரி யாருடைய வீட்டைக் காட்டுகிறது என்று கண்டேன்.

4.

கௌசலா என் தோளுக்கு மேலால் வாசித்தாள்.

“பெரியம்மா, சீனா வரைக்கும் போயிட்டு வந்திட்டீங்கள். எங்கட குசினி எங்க?”

“வருது.”

“பால் இல்லையெண்டு எழுதுங்கோவன். முடிஞ்சுது.”

“மாடு கட்டின வீட்டில பால் இல்லையெண்டு என்ர கையால எழுதச் சொல்லுறியோ? அதுக்குக் காட்டேரியாவே இருந்திட்டுப் போறன்.”

“உங்களுக்கென்ன, நீங்கள் காட்டேரி. நான் காட்டேரியின்ர பெறாமகள். எனக்கு அந்த ஆளைப் பிடிச்சிருக்கு.”

சொல்லிவிட்டு அலுமாரியைத் திறந்தாள். அவர்கள் பெண் பார்க்க வந்த அன்று உடுத்த சேலையை எடுத்து, மடிப்பைத் தடவி, திரும்ப வைத்தாள்.

(அன்னபாக்கியம் என்ற பாத்திரத்தின்மேல், அதாவது என்மேல், எனக்கே ஐயம் உண்டு. வீட்டில் பால் இல்லை என்று சொல்வதைவிடப் பேயாக இருக்கச் சம்மதிக்கும் ஒருத்தியை வாசகர் நம்புவாரா? என்னைத் தெரிந்தவர்கள் நம்புவார்கள்.)

5.

மூன்றாம் தொடக்கம். சீனி வருத்தத்துக்கான குளிசையைப் போட்டுவிட்டு விரதம் இருந்ததில் என் உடம்பில் சீனி இறங்கிவிட்டது. கதிரையிலிருந்து சரிந்தேன். உயிர் போகிறது என்று பிள்ளைகள் முடிவு செய்தார்கள்.

“பாலைக் கொண்டாடா!” என்று கத்தினாள் கௌசலா.

“பால் இல்லை!” என்றான் கிருசாந்தன் குசினிக்குள் இருந்து.

(எழுதிவிட்டேன். காகிதம் தீப்பற்றவில்லை.)

நோன்பு துறப்பதற்காக, ரோசாச் சர்பத்தை ஊற்றிச் செக்கச்சிவக்கக் கலக்கிவைத்த பாலை ஆசியா உம்மா சட்டியோடு தூக்கிக்கொண்டு ஓடிவந்தார்.

“உம்மா, இது சிவப்பெல்லோ?” என்றான் கிருசாந்தன்.

“பால்தானே மகன். போற உசிரு நிறம் பாக்குமா? ஊத்துங்கோ.”

“உம்மா, அதில சீனி கூட,” என்றான் மஹ்றூப். “மாமிக்குச் சீனி வருத்தமெல்லோ?”

“மௌத்தாகிற ஆளுக்கு இனி என்னடா சீனி வருத்தம்!”

ஆளுக்கொரு கரண்டி ஊற்றினார்கள். பிறகு மூச்சைக் காணவில்லை என்று பெருவிரலைக் கட்டி, அழத் தொடங்கினார்கள். சீனி தன் பாட்டில் வேலை செய்துகொண்டிருந்தது. ஊர் வாசலுக்கு வந்து சேர்ந்த நேரம் பார்த்து நான் எழும்பி உட்கார்ந்து, கடைவாயை நக்கி, “இன்னும் கொஞ்சம் தாங்கோ” என்றேன்.

6.

முடிவு அ: நிசாந்தினி இதைக் கேட்டு வயிறு நோகச் சிரித்து, அந்தப் பாலை எப்படிக் கலக்குவதென்று ஆசியா உம்மாவிடம் கேட்கச் சொல்கிறார். நாள் வைக்கிறார்கள்.

முடிவு ஆ: “காட்டேரியெண்டாலும் சமாளிக்கலாம். மாடு நிண்டும் பால் இல்லாத வீட்டில எப்பிடிச் சம்பந்தம் செய்யிறது?” என்று தொலைபேசியை வைக்கிறார். (நான் அவருடைய இடத்தில் இருந்தால் இதைத்தான் செய்திருப்பேன்.)

சனிக்கிழமை காலை ஐந்தாம் பகுதியை நானே அவருக்குத் தொலைபேசியில் வாசித்தேன். ‘பால் இல்லை’ என்ற இடத்தில் குரலைத் தாழ்த்தவில்லை. கௌசலா பக்கத்தில் நின்றாள். அவர் சொன்ன மறுமொழி இரண்டு குடும்பங்களுக்கு இடையிலானது, அச்சில் வராது. வாசகர் அ, ஆ இரண்டில் ஒன்றை எடுத்துக்கொள்ளலாம். கிருசாந்தன் இன்று முல்லைத்தீவுக்குக் கல்யாண மண்டபம் விசாரிக்கப் போயிருப்பதை வைத்து எதையும் ஊகிக்க வேண்டாம்.

நான் தொலைபேசியில் உரக்க வாசிக்கிற ஆள். வேலிக்கு அப்பால் கேட்டவர்கள் இப்போது வேறொரு கதையைக் கட்டியிருக்கிறார்கள்: அன்னபாக்கியத்தின் வளவில் மூன்று மாடுகள் நின்றும் அன்று வீட்டில் பால் இருக்கவில்லையாம்.

அது பொய். பால் இருந்தது. திரைந்திருந்தது.