கிறிஸ்துராஜா மாஸ்ரர் நினைவுக் கிண்ணம்

தான் செத்துப்போன செய்தியைக் கிறிஸ்துராஜா மாஸ்ரர் லண்டன் தோர்ண்டன் ஹீத்தில், மகள் றோஸ்மலர் வீட்டுக் குசினியில், பாணும் சம்பலும் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோதுதான் வாசித்தார். யாழ்ப்பாணத்தில் அவர் படிப்பித்த கல்லூரியின் லண்டன் பழைய மாணவர் சங்கம் 1993ஆம் ஆண்டு உதைபந்தாட்டப் போட்டிக்கு அச்சடித்த சிறப்பு மலர், தமிழ்க்கடையில் இலவசமாகக் கிடந்தது. அதில் முழுப்பக்கத்துக்கு அவருடைய படம். மேலே கொட்டை எழுத்தில் 'அமரர்'.

நடந்தது இதுதான். மன்னாரில் வேறொரு கிறிஸ்துராஜா கண்ணை மூடியிருக்கிறார். போர்க்காலம், யாழ்ப்பாணத்தோடு பேசத் தொலைபேசி இல்லை. கடிதம் வர மூன்று மாதம். சங்கச் செயலாளர் பாலேந்திரா கலியாண வீட்டில் காதில் விழுந்ததை அப்படியே அச்சுக்குக் கொடுத்துவிட்டார். மாஸ்ரர் லண்டனுக்கு வந்து இரண்டு கிழமை என்பது அந்த மனிசனுக்கு எங்கே தெரியும்?

"அப்பா, உடனே போன் எடுத்துச் சொல்லுங்கோ," என்றாள் றோஸ்மலர்.

"பொறு பிள்ளை. வாசிச்சு முடிக்கிறன்."

1947இல் வெறுங்காலோடு அடித்த கோல், அணித் தலைமை, பிறகு இருபத்தாறு வருடம் பயிற்றுநர், எல்லாம் இருந்தது. 'பொறுமையின் சிகரம்' என்றும் இருந்தது. அந்த இடத்தில் றோஸ்மலருக்குத் தேத்தண்ணி புரைக்கேறியது. பள்ளிக்கூடத்தில் அவருக்கு ஒரு பூமாலைகூட விழுந்ததில்லை. நாள் முழுக்க ஏசுகிற மனிசனுக்கு யார் மாலை போடுவான்? கடைசி வரியில், இந்த வருடம் தொடக்கம் வெற்றிக் கிண்ணம் அவர் பெயரில் என்று போட்டிருந்தது.

உயிரோடு இருக்கிறவர் பெயரில் சங்கம் கிண்ணம் வைப்பதில்லை. வாயைத் திறந்தால் கிண்ணம் போச்சு.

"ஒரு நாளைக்குச் செத்தவனாய் இருந்தால் என்ன குறைஞ்சுபோகும்? ஓரமாய் நிண்டு பாத்திட்டு வாறன். ஆருக்கும் சொல்லாதை," என்றார் மாஸ்ரர்.

போட்டி நாளன்று மருமகனின் கோட்டு, காதை மூடிய தொப்பி, மூக்குவரை மப்ளர். மோர்டன் மைதானத்தில் ஒரு நிமிட மௌனத்துக்கு அவரும் தலைகுனிந்து நின்றார். ஐயோ, மனிசனுக்கு உண்மையாகவே கண் கலங்கிவிட்டது. மேசையில் 'அமரர் கிறிஸ்துராஜா மாஸ்ரர்' என்று பொறித்த கிண்ணம் மினுங்கியது.

இறுதியாட்டம் தொடங்கியது. கல்லூரி அணியில் இடப்பக்கம் காத்தவன் அருட்பிரகாசம், மாஸ்ரரிடம் ஆட்டம் பழகியவன்தான். இப்போது நாற்பது வயது, மூன்று பிள்ளை, சட்டையை முன்னே தள்ளும் ஒரு வண்டி வயிறு. பந்தை விட்டுவிட்டு எதிராளியின் முகத்தைப் பார்க்கிற பழைய வியாதி மட்டும் அப்படியே இருந்தது. அதால் ஒரு கோல் விழுந்தது. மாஸ்ரர் மப்ளரைக் கடித்தார். இரண்டாவதும் விழுந்தது. கிண்ணத்தைப் பார்த்தார், பல்லை நெருமினார். மூன்றாம் முறையும் அந்த மடையன் முகத்தைப் பார்க்க, கிண்ணமாவது மண்ணாங்கட்டியாவது!

"டேய் அருட்பிரகாசம்! பந்தைப் பாரடா எருமை! அவனை என்ன பொம்பிளை பாக்கவே வந்தனி?"

"ஓம் சேர்!" திரும்பாமலே கத்தியபடி அவன் பந்தைப் பறித்தான், அழகாகத்தான் பறித்தான். பிறகுதான் உறைத்தது. திரும்பினான். மாஸ்ரரைக் கண்டான். சிலுவை போட்டுக்கொண்டான். அந்த இடைவெளியில் எதிரணி பந்தைக் கொண்டுபோய் மூன்றாவது கோலையும் போட்டது.

ஆட்டம் முடிந்ததும் சனம் சூழ்ந்துகொண்டது. பாலேந்திராவின் முகத்தில் ஈயாடவில்லை.

"மாஸ்ரர், மன்னிக்க வேணும். ஆனால் சங்கத்தின்ர வழக்கப்படி உயிரோட இருக்கிறவைக்கு..."

"தெரியுமடாப்பா. பேரை எடு," என்றார் மாஸ்ரர்.

"எடுக்கேலாது!" சேறும் மூச்சிரைப்புமாக நடுவில் வந்து நின்றான் அருட்பிரகாசம். "இருபத்திரண்டு வருசத்துக்குப் பிறகு இண்டைக்குத்தான் நான் ஒழுங்காய் ஒரு பந்து பறிச்சனான். அமரர் எண்டதை மட்டும் சுரண்டுவம், சேர்."

மாஸ்ரர் மப்ளரால் மூக்கைத் துடைத்தார்.

"சுரண்டாதை, கிண்ணம் பழுதாப்போம். எப்பவோ ஒருநாள் சரிவாற விசயம்தானே. சனிக்கிழமை காலமை ஏழு மணிக்கு எல்லாரும் இஞ்ச நிக்கவேணும். அருட்பிரகாசம், நீ உந்த வண்டி வயித்தை இறுக்கிக் கட்டிப்போட்டு வா."