குரொய்வா வீட்டுக்கு ஒரு மகன்

மிஹோவுக்கு அன்றைய மதியச் சாப்பாட்டில் ஒரே ஒரு சொல்தான் தேவைப்பட்டது. காதலன் ரதீசன் ‘முடியாது’ என்று சொன்னால் போதும், அவனைக் கட்டிக்கொண்டு போய்விடலாம்.

வெஸ்ட் ஆக்டன் வீட்டில் கழிப்பறை இருக்கையைக்கூடச் சூடாக்கி வைத்திருக்கும் அவள் அப்பா கென்சுகே குரொய்வா, மகள் விஷயத்தில் மட்டும் பதினான்கு தலைமுறை பின்னால் நின்றார். ஆண் பிள்ளை இல்லாத வீட்டில் மருமகனையே தத்தெடுத்துக் குடும்பப் பெயரைச் சூட்டிவிடுவது ஜப்பானிய வழக்கம். பெயர் பிழைக்கும், முன்னோர் கல்லறையைக் கழுவவும் ஆள் கிடைக்கும். மிஹோவின் முப்பது வயது ஆசையெல்லாம் அந்தப் பெயரிடமும் கல்லறையிடமும் இருந்து தப்புவதுதான்.

கென்சுகே தத்தெடுப்பு விண்ணப்பத்தை ரதீசனின் சூப் கிண்ணத்துக்குப் பக்கத்தில் வைத்தார்.

“கையெழுத்துப் போடு. இல்லாவிட்டால் கல்யாணம் இல்லை.”

“உங்களிடம் யாரும் அனுமதி கேட்கவில்லை” என்றாள் மிஹோ.

“உன்னையும் யாரும் கேட்கவில்லை.”

“என்னை முப்பத்திரண்டு வருடமாகக் கேட்கவில்லை” என்றாள் அம்மா, மீனில் முள் எடுத்தபடி.

மிஹோ நம்பியிருந்தது ஹரோவிலிருந்து வந்திருந்த தில்லையம்பலத்தை. ரதீசனின் அப்பா, யாழ்ப்பாணத்துக்காரர். மகனின் பெயரோடு ஒட்டியிருப்பது அவர் பெயர். எழுந்து நின்று கத்துவார் என்று எதிர்பார்த்தாள்.

அவர் விண்ணப்பத்தை வாசித்துவிட்டு மகனிடம் திரும்பினார்.

“என்னடா முழிக்கிறாய்? என்ர பேர் என்னோட போகட்டும். போடு.”

“மிஹோவைக் கேக்கோணும் அப்பா.”

“பெரிய மனிசர் சோறு போட்டுக் கேக்கேக்கை ஏலாதெண்டு சொல்லுறதே? மரியாதை எண்டு ஒண்டு இருக்கெல்லோ.”

மூன்று வருடக் காதலில் மிஹோ கற்ற தமிழ் இதைப் புரிந்துகொள்ளப் போதுமானதாக இருந்தது. அதுதான் துரதிர்ஷ்டம்.

ரதீசன் அவளைப் பார்த்தான். நீட்டிய பேனாவைப் பார்த்தான்.

“ஓம் அப்பா” என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டான். பிறகு அவள் பக்கம் சாய்ந்து, “பேர்தானே மிஹோ. சண்டை வேண்டாமெண்டுதான்” என்றான்.

கென்சுகே அவனுக்குத் தலை வணங்கினார். மகளுக்கு அவர் ஒருநாளும் அவ்வளவு குனிந்ததில்லை.

மிஹோ எழுந்து போய்ச் சப்பாத்தைக் காலில் மாட்டினாள்.

“எங்கே போகிறாய்?” என்றார் கென்சுகே. “தேதி குறிக்க வேண்டும்.”

“குறியுங்கள். உங்களுக்கு மகன் கிடைத்துவிட்டான்” என்றாள். “இனி அவனுக்குப் பெண் பார்க்க வேண்டியதும் நீங்கள்தான். நல்ல குடும்பமாகப் பாருங்கள் அப்பா. இந்தக் குடும்பத்தில் எடுக்க வேண்டாம்.”