பின்னாலேயே வந்த வீடு

மரவள்ளிக்கு விலை விழுந்த வருஷம் தை மாதத்தில், காளியண்ணனும் அவன் மனைவி பாவாயியும் குடகுக்குக் காப்பிப்பழம் பறிக்கப் போன மறுவாரம், அவர்களுடைய ஓட்டு வீடு கொல்லிமலையை விட்டு இறங்கி அவர்கள் பின்னாலேயே போனது. மேலே ஏறிவந்த செம்மேட்டு பஸ் கொண்டை ஊசி வளைவில் ஒதுங்கி அதற்கு வழிவிட்டது. முள்ளுக்குறிச்சி டீக்கடையில் உட்கார்ந்திருந்தவர்கள், வீடு ரோட்டின் இடது ஓரமாக, யாருக்கும் இடைஞ்சல் இல்லாமல் போனதாகச் சொன்னார்கள்.

தப்பு பாவாயியுடையதுதான். எங்கே கிளம்பினாலும் நிலைக்கதவைத் தொட்டு, "போயிட்டு வாரேன் சாமி" என்று வீட்டிடம் சொல்லிவிட்டுத்தான் படியிறங்குவாள். அன்றைக்கு பஸ் ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தது. தலையில் மூட்டை, கையில் தூக்குப்போசி. அவசரத்தில் "போறேன்" என்று மட்டும் வாயில் வந்துவிட்டது. அப்படிச் சொன்னால் திரும்பி வரமாட்டார்கள் என்று அர்த்தம். ஆளில்லாத வீடு அதை ஒரு வாரம் மனதில் போட்டு உழப்பிவிட்டுக் கிளம்பிவிட்டது.

எஸ்டேட்டில், கூலிக்காரர்கள் தங்கும் தகர லைன் வீடுகளுக்குக் கடைசியில் ஒரு காலையில் அது நின்றுகொண்டிருந்தது. உள்ளே அடைக்கோழி முட்டைமேல் உட்கார்ந்தபடியே வந்திருந்தது.

"ஏம்புள்ள, நம்மூடாட்டமே இருக்குது?" என்றான் காளியண்ணன்.

"நம்மூடேதானுங்க. நான் அள்ளாம உட்டுட்டு வந்த சாம்பல் அப்படியே அடுப்புல கெடக்குது."

வீடு மிளகுக் கொடியில் சாயாமல் நின்றால் சரி என்று எஸ்டேட் மேஸ்திரி சொல்லிவிட்டார். ஆனால் காளியண்ணனுக்குச் சோறு இறங்கவில்லை. எந்த ஊர் என்று யாராவது கேட்டால் முன்பெல்லாம் கொல்லிமலை என்று பட்டென்று சொல்வான். இப்போது நாக்கு தடுமாறியது. மலையில் இருந்தது வெறும் மனை, வீடு இங்கே. திரும்பும்போது அது கூட வராவிட்டால் தாங்கள் ஊரில்லாதவர்கள் ஆகிவிடுவோம் என்று பயந்தான். பாவாயி பயப்படவில்லை. பறிப்பு முடிந்ததும் கதவைத் தொட்டு "வா சாமி, போலாம்" என்றால் வந்துவிடும் என்றிருந்தாள்.

பங்குனியில் பறிப்பு முடிந்தபோது வீட்டுக்குள் பூல்மணி இருந்தாள். ஜார்க்கண்டிலிருந்து புருஷனோடு வேலைக்கு வந்தவள், நிறைமாசம். கோடை மழைக் காற்று அவள் லைனின் தகரத்தைப் பிடுங்கிப்போன அன்று, பாவாயி போய்க் கையைப் பிடித்து அழைத்து வந்திருந்தாள். ஒருத்தி பாஷை இன்னொருத்திக்குத் தெரியாது. கஞ்சி ஊற்றவும் கால் பிடித்துவிடவும் பாஷை தேவைப்படவில்லை.

"ஊட்டைக் கூட்டிக்கிட்டுப் போயிரலாம் புள்ள. மழ வந்தா நாம எங்க படுக்கறது?" என்றான் காளியண்ணன்.

"வவுத்துப்புள்ளக்காரிய வெளிய நிறுத்திப்போட்டு, எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டு நம்ம மல அறப்பளீஸ்வரர் கோயில் வாசல்ல நிக்கிறதுங்க?"

அவன் தலையைச் சொறிந்துகொண்டு மூட்டையைத் தூக்கினான். பாவாயி நிலைக்கதவைத் தொட்டாள். இந்த முறை நிதானமாக, "நீ இருந்து வா சாமி" என்றாள். வராமலே போனாலும் போகும் என்று அவளுக்குத் தெரியும்.

மலையில் வெறும் மனையில் தார்ப்பாய் கட்டிக்கொண்டார்கள். பக்கத்து மரவள்ளிக் காட்டு அத்தாயி சும்மா விடுவாளா?

"என்ன பாவாயி, ஊட்டை வாடகைக்கு உட்டுட்டு வந்துட்டியாக்கும்?"

"ஒறம்பரையா விருந்தாடப் போயிருக்குதுங்கக்கா. வந்துரும்."

அத்தாயி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். சாயங்காலம் ஒரு போசி நிறையக் களி கொண்டுவந்து வைத்துவிட்டும் போனாள். தார்ப்பாய் ஒழுகத் தொடங்கியது. கீழே எது உறுமினாலும் பாவாயி எழுந்துபோய் ரோட்டைப் பார்த்துவிட்டு வந்தாள். காளியண்ணன் தார்ப்பாயின் நனையாத பக்கத்தை அவளுக்கு விட்டுவிட்டுப் படுத்தான்.

ஆடி பிறந்ததும் ஒரு காலையில் வீடு மூச்சு வாங்க மலையேறி வந்து தன் மனையில் உட்கார்ந்தது. விட்டத்தில் கட்டியிருந்த சேலைத்தூளி அப்போதும் ஆடிக்கொண்டிருந்தது. உள்ளே கடுகெண்ணெய் வாசனை. சுவரில் யாரோ வெள்ளை மண்ணால் ஒரு கோழியும் குஞ்சுகளும் வரைந்திருந்தார்கள். காளியண்ணன் வீட்டை ஒரு சுற்றுச் சுற்றிவந்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு, தார்ப்பாயை மடித்தான். குழந்தை நல்லபடியாகப் பிறந்து ஊர்போய்ச் சேர்ந்திருக்கிறது என்று பாவாயி புரிந்துகொண்டாள். இல்லாவிட்டால் இந்த வீடு நகர்ந்திருக்காது.

அடுத்த தை மாதமும் பஸ் ஹாரன் அடித்தது. மூட்டைக்குள் பழைய வேட்டியில் தைத்த சின்னச் சட்டைகள் இரண்டு இருந்தன. பாவாயி நிலைக்கதவைத் தொட்டாள்.

"இந்த வருசமாச்சும் ஒழுங்காச் சொல்லிட்டுப் போடி!" என்று அத்தாயி காட்டிலிருந்து கத்தினாள்.

பாவாயி கொஞ்சம் யோசித்தாள். காற்றில் கூரை பறந்த தகர லைன் அவள் நினைவுக்கு வந்தது. பிறகு தெளிவாக, வீட்டுக்குக் கேட்கும்படி, "போறேன் சாமி" என்றாள்.

பஸ்ஸில் பக்கத்து சீட்டிலிருந்த, மலைக்குக் கீழேயிருந்து வந்திருந்த வாத்தியார் ஒருவர், எந்த ஊர் என்று காளியண்ணனைக் கேட்டார்.

"கொல்லிமலைங்க" என்றான் அவன், பட்டென்று. "ஊடு பின்னால வந்துட்டிருக்குது."

டிரைவர் கண்ணாடியில் ஒருமுறை பார்த்துவிட்டு, வளைவுகளில் மெதுவாகவே இறங்கினார்.