ஆறாம் பாரம்

விடியற்காலை பட்டாபிராம் லோக்கலில் நெரிசலில் நின்றுகொண்டே வந்து, அம்பத்தூரில் இறங்கித் தொழிற்பேட்டை அச்சகத்தின் பைண்டிங் பிரிவுக்கு ஓட்டமும் நடையுமாகப் போனால்தான் ஞானம்மாளுக்கு மின்விசிறியை விட்டுத் தள்ளி உட்கார இடம் கிடைக்கும். மின்விசிறிக்கு நேர் கீழே உட்கார்ந்தால் தாள் பறக்கும். அதைப் பொறுக்கிக்கொண்டிருந்தால் கையில் வேலை ஓடாது.

அச்சடித்த பெரிய தாளை மூன்று தடவை மடித்தால் பதினாறு பக்கம். அதற்குப் பாரம் என்று பெயர். மூங்கில் பட்டையால் மடிப்பை அழுத்தித் தேய்த்துத் தேய்த்துத் தோள் கழன்றுபோகும். தாளின் ஓரம் விரலை அறுக்கும். அறுத்த இடத்தில், பூச்சி அரிக்காமலிருக்கத் துத்தம் கலந்த மைதாப் பசை பட்டால் உச்சந்தலை வரை எரியும். இப்படிச் சில பேர் எரிந்துதான் பல பேருக்குப் படிப்பு வருகிறது. எரிந்தவர்களை எந்தப் பட்டமளிப்பு விழாவுக்கும் யாரும் கூப்பிட்டதில்லை.

அது தொண்ணூற்றொன்றாம் வருடக் கடைசி. அன்று மேசைமேல் கிடந்தது ஒரு ருஷ்யக் கிராமத்தின் வரலாறு, தமிழில். மாஸ்கோ ஆர்டர். ஊரின் பெயர் ஸ்தாரி புரோத். சதுப்பை வெட்டிச் சீராக்கிக் குடியேறியவர்கள், பஞ்சத்தில் மரப்பட்டையை மாவோடு பிசைந்து தின்றவர்கள், ஜெர்மன்காரன் ஊரைக் கொளுத்திய பிறகு மாடில்லாமல் தங்களையே ஏரில் பூட்டிக்கொண்டு உழுத பெண்கள், எல்லாரும் அதில் இருந்தார்கள். ஆனால் ஒருத்திக்கு ஒரு பாரம் என்று பிரித்துக் கொடுப்பதால் யாருக்கும் முழுக்கதை தெரியாது. சாப்பாட்டு நேரத்தில் ஆளுக்குக் கொஞ்சம் சொல்லிக்கொள்வார்கள். "உன் பாரத்துல செத்தவன் என் பாரத்துல எப்பிடிடீ கல்யாணம் கட்டிக்கினான்?" என்று சண்டையும் வரும்.

ஞானம்மாளுக்கு அன்று ஐந்தாம் பாரம். மடிக்கிற கையோடு கடைசிப் பக்கத்தைப் படித்துவிட்டாள். பண்ணையடிமை முறை ஒழிந்த பிறகும் ஆற்றங்கரை நிலத்துக்கு ஜமீன்தார் வேலி போடுகிறான். ஊர் திரண்டு வருகிறது. வேலியைக் காவல் காக்கச் சம்மதிக்கிற சில குடும்பங்கள் மட்டும் உள்ளே இருந்துகொள்ளலாம் என்கிறான். 'அந்தக் குடும்பங்கள் அன்று' என்பதோடு பக்கம் முடிந்துவிட்டது. மீதி ஆறாம் பாரத்தில். அது மேனாம்பேட்டுப் பஞ்சவர்ணத்தின் கையில் இருந்தது.

டீ வருவதற்கு முன்பே முதலாளி ரகுநாதன் வந்தார். கெட்ட மனிதர் என்று சொல்ல முடியாது. பொங்கலுக்கு எல்லாருக்கும் இனிப்புப் பெட்டி கொடுப்பார். அந்த இனிப்பைக் காட்டியே வருடம் முழுக்க வாயை அடைத்துவிடுவார் என்பதும் உண்மை.

"மடிச்சது போதும்மா. மாஸ்கோ ஆர்டர் நின்னுபோச்சு. அந்த நாடே இல்லாம போகுது, அவன் ஊர்க் கதையை யார் வாங்குவா? மதியம் லாரி வரும். எல்லாத்தையும் பழைய பேப்பருக்கு ஏத்திடுங்க."

"ஏத்திட்டு?" என்று கேட்டாள் ஞானம்மாள்.

"வீட்டுக்குப் போங்க. பைண்டிங்கை மூடுறேன்."

"பொண்ணு வயித்துல இருக்கசொல்லோ வந்தவ சார் நானு. இப்ப அவளுக்கே மாப்பிள பாத்துகினு கீறோம். எங்களுக்கு ஒண்ணியும் இல்லியா?"

"நீங்க பாரக்கூலிக்கு வர்றவங்க. பாரம் இல்லன்னா வேலை இல்ல. இதுல நான் யாரை நிறுத்தினேன்?"

பிறகு குரலைத் தணித்துக்கொண்டார். "ஸ்கூல் நோட்டு வேலைக்கு நாலு பேர் போதும். நீ இரு. இன்னும் மூணு பேரை நீயே பொறுக்கிக்கோ. மத்தவங்களைச் சத்தமில்லாம லாரியில ஏத்த வை."

ஞானம்மாளுக்கு ஆசை வந்தது. வராமல் என்ன செய்யும்? வீட்டில் புருஷன் இளைப்போடு படுத்துக் கிடக்கிறார். அவள் கூலியில்தான் அடுப்பு எரிகிறது. ரகுநாதன் தணித்துப் பேசினாலும் எல்லாருக்கும் கேட்டுவிட்டிருந்தது. அத்தனை பெண்களும் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"பஞ்சவர்ணம், உன் பாரத்துல மொதப் பக்கம் படி. வேலிக்குள்ள இருந்தவங்க இன்னா ஆனாங்க?"

பஞ்சவர்ணம் எழுத்துக்கூட்டிப் படித்தாள். "நிம்மதியாகத் தூங்கின. அடுத்த வசந்தத்தில் வேலி உறுதியானதும் ஜமீன்தார் அவர்களையும் விரட்டினான். ஊரார் அவர்களுக்குக் கதவைத் திறக்கவில்லை."

பக்கத்து அச்சு மெஷின் பிரிவின் இரைச்சலில் தரை அதிர்ந்துகொண்டிருந்தது.

"இப்ப எதுக்கு இந்தக் கதை?" என்றார் ரகுநாதன்.

"எனக்கு ஆள் பொறுக்கத் தெரியாது சார். வேல குடுத்தா அல்லாருக்கும் குடு. இல்லாங்காட்டி நஷ்டஈட்டை அல்லாருக்கும் குடு. அதுவரிக்கும் ஒரு தாளு இங்கேர்ந்து போவாது."

சொல்லிவிட்டு, கதவோரம் இருந்த தாள் அடுக்கின்மேல் போய் உட்கார்ந்தாள். பஞ்சவர்ணம் வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். பிறகு மற்றவர்களும் வந்தார்கள்.

ரகுநாதன் மெஷின் பிரிவிலிருந்து வேம்புலியைக் கூப்பிட்டார். வேம்புலிதான் அங்கே சங்கத் தலைவன். பாரக்கூலிப் பெண்களைச் சங்கத்தில் சேர்த்ததே இல்லை, கேட்டால் சிரிப்பார்கள். நீதி பேசுகிறவர்களுக்கும் இப்படி ஒரு கண் தெரியாமல் போகிறது.

"நாலு ஆளைக் கூட்டிட்டு வந்து லாரியில ஏத்து."

"அது எங்க வேல இல்ல சார்."

"சொன்னதைச் செய். இல்லன்னா உங்க பக்கத்தையும் யோசிக்க வேண்டியிருக்கும்."

"கேட்டுக்க அண்ணாத்தே," என்றாள் பஞ்சவர்ணம். "அட்த்தது நீங்கதான்."

வேம்புலி கையிலிருந்த மையைத் துடைத்தபடி திரும்பிப் போனான். ஆள் கூட்டிவரப் போகிறான் என்றே எல்லாரும் நினைத்தார்கள்.

திடீரென்று தரையின் அதிர்வு நின்றது. மெஷின்கள் ஒவ்வொன்றாக அடங்கின. ரகுநாதன் பல்லைக் கடித்துக்கொண்டு போன் செய்ய அறைக்குள் போனார். போலீசுக்குத்தான் என்று எல்லாருக்கும் தெரியும்.

வேம்புலி ஆட்களோடு வந்து ஞானம்மாளின் முன்னால் நின்றான். அவள் முகத்தைப் பார்க்க அவனுக்குக் கூச்சமாக இருந்தது.

"யக்கா, கொஞ்சம் தள்ளிக் குந்து. நாங்களும் குந்தணும்."

அவள் தள்ளி உட்கார்ந்தாள். வாசலில் லாரி ஹாரன் அடித்தது. யாரும் எழுந்திருக்கவில்லை.