காதைத் தொட்ட வழக்கு

சம்பூர்ணம் தன் காதைத் தானே தொட்டதற்காக ஊர்க் கூட்டம் கூடிய அன்று, மேல்நெல்லியில் சாமை முற்றி அறுப்புக்கு நின்றது. அறுப்பு ஒரு நாள் காத்திருக்கும், ஒரு பெண்ணின் ஒழுக்கம் காத்திருக்குமா? ஊர் ஆண்கள் எல்லோரும் அரிவாளைக் கூரை எரவாணத்தில் செருகிவிட்டு, ஊர்க்கவுண்டர் கோபால்சாமி வீட்டு வாசலுக்கு வந்துவிட்டார்கள். ஏர் பூட்டக் கூப்பிட்டால் இடுப்பு வலிக்கிறது என்பவர்கள் கூட முன்வரிசையில் இடம் பிடித்திருந்தார்கள்.

வழக்கைக் கொண்டு வந்தவர் கார்டு கண்ணாயிரம். காட்டைக் காவல் காக்க அனுப்பப்பட்டவர். காக்கிச் சட்டையும், வலது காதை முழுக்க மூடிக்கொண்டு சாய்ந்து உட்காரும் ஒரு தொப்பியும் அவருக்கு உண்டு. பெயரில்தான் ஆயிரம் கண். மலையேறி வந்த இந்த மூன்று வருடத்தில் வெட்டுப்பட்ட மரம் ஒன்றைக்கூட அவர் பார்த்ததில்லை. ஆனால் கீழே சந்தவாசலுக்குப் போகும்போதெல்லாம் வாரப் பத்திரிகைகளை வாங்கிவந்து, பாறை நிழலில் படுத்துக்கொண்டு தொடர்கதை படிப்பார். அதனால் காட்டில் மரம் குறைந்துகொண்டே போக, கண்ணாயிரத்தின் கண்ணுக்குக் காதல் பெருகிக்கொண்டே போனது.

நடந்தது இதுதான். சம்பூர்ணம் சாமைக் கொல்லையில் பரண் மேல் நின்று கிளி ஓட்டிக்கொண்டிருந்தாள். கீழே ஓடைக்கு அந்தப்புறம் ஊர்ப் பையன் ராஜாக்கண்ணு ஒரு வேங்கை மரத்தைக் கயிறு கட்டி இழுத்து வந்துகொண்டிருந்தான். ஒற்றையடிப் பாதையில் தொப்பி தெரிந்தது. சம்பூர்ணம் தன் வலது காது மடலைப் பிடித்து இரண்டு முறை இழுத்தாள். அதே நேரம் பார்த்துச் சாமைச் சுணை ஒன்று பறந்து வந்து இடது கண்ணில் விழுந்தது. கண்ணை மூடினாள். ராஜாக்கண்ணு கயிற்றைப் போட்டுவிட்டுப் புதருக்குள் பாய்ந்தான். கண்ணாயிரம் பெண்ணைப் பார்த்தார், பையனைப் பார்த்தார், மூடிய கண்ணைப் பார்த்தார். நடுவில் கிடந்த எட்டு முழ மரத்தை மட்டும் பார்க்கவில்லை.

மேல்நெல்லியில் சாடை என்ற சொல்லுக்கு வேலை அதிகம். பிள்ளை பிறந்தால் அப்பன் சாடையா, அம்மா சாடையா என்று முகத்தைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பார்கள். மாமியாரைத் திட்ட ஆசை வந்தால் வாசலில் படுத்திருக்கும் நாயைத் திட்டுவார்கள், அது சாடை பேசுவது. காட்டுக்குள் வாயைத் திறக்கக்கூடாத நேரத்தில் கை பேசும், அதுவும் சாடைதான். கரடி என்றால் நெஞ்சைத் தடவுவார்கள். வலது காதைத் தொட்டால் கண்ணாயிரம், இரண்டு முறை இழுத்தால் கண்ணாயிரம் கிட்டத்தில் வந்துவிட்டார் என்று அர்த்தம். பால்குடி மறந்த குழந்தைக்குக்கூட இது தெரியும். தெரியாதவர் ஒருவர்தான். அவருக்குத் தெரியக்கூடாது என்பதற்காகத்தானே அந்தச் சாடையே!

எனவே ஊருக்கு ஒரு சிக்கல் வந்தது. சம்பூர்ணம் குற்றமற்றவள் என்று கூடியிருந்த அத்தனை பேருக்கும் தெரியும். அதைச் சொன்னால் காதுக்கு அர்த்தம் சொல்ல வேண்டும். காதுக்கு அர்த்தம் சொன்னால் மரத்துக்குக் கணக்குச் சொல்ல வேண்டும். அந்த மரமோ ஊர்க்கவுண்டர் புதிதாகக் கட்டும் வீட்டின் தலைவாசல் நிலைக்காக வந்த மரம். இப்போது அவர் வாசலிலேயே வைக்கோலுக்கு அடியில் படுத்திருந்தது. வழக்கு விசாரணை அந்த வைக்கோலுக்கு நாலடி தள்ளி நடந்தது.

காலையிலேயே கவுண்டரின் மனைவி சாந்தம்மாள் ஒரு கிண்ணத்தில் தேனை எடுத்துக்கொண்டு சம்பூர்ணத்தின் வீட்டுக்கு வந்திருந்தாள்.

"இந்தாம்மே, கூட்டத்துல ரொம்பப் பேசாத. தெரியாம செஞ்சுட்டேன்னு ஒரு வார்த்த சொல்லிடு. அபராதத்த உங்க மாமாவே கட்டிடுவாரு. ஊருக்காவத்தானே?"

"அபராதம் அவரு கட்டுவாரு அத்த. என் புள்ளைய யாரு குடுப்பாங்க?"

சாந்தம்மாள் கிண்ணத்தைத் திண்ணையில் வைத்துவிட்டுத் திரும்பிப் போனாள். அந்த ஊரின் வழக்கம் அப்படி. சாடைக் குற்றத்தை ஒப்புக்கொண்ட பெண் அம்மா வீட்டுக்குப் போய்விட வேண்டும், பிள்ளை புருஷன் வீட்டில் இருக்கும். சம்பூர்ணத்தின் அம்மா வீடு அமிர்திப் பக்கம். அவள் மகள் இன்னும் பால் மறக்கவில்லை. ஊர்க்கவுண்டருக்கு நிலை நிற்க வேண்டும் என்பதற்காக அவள் பிள்ளையை விட்டுவிட்டு மலை இறங்க வேண்டும். அதற்கு விலை ஒரு கிண்ணம் தேன். தேன் என்னவோ நல்ல தேன்தான்.

அவளுக்கு ஆத்திரம் சாந்தம்மாள் மேல் அவ்வளவாக இல்லை. கண்ணாயிரத்தின் மேல் கூட இல்லை. புருஷன் அர்ச்சுனன் மேல்தான். முந்தின நாள் சாயங்காலம் அவன் கஞ்சியைக் குடித்துவிட்டு, கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டு, வெகு நேரம் யோசித்து ஒரு கேள்வி கேட்டான்.

"காத இழுத்த, சரி. அது ஊரு சாட. கண்ண எதுக்கு மூடுன?"

"சுணை வுழுந்துச்சு."

"அந்த நேரம் பாத்தா வுழுந்துச்சு?"

சுணைக்கு நேரம் காலம் சொல்லி அனுப்பத் தவறிவிட்டது அவள் குற்றம்தான். அவள் கஞ்சிக் கிண்ணத்தை எடுத்துக் கழுவப் போனாள். அவனும் அதற்கு மேல் கேட்கவில்லை. கேட்காமல் இருப்பதை அவன் பெருந்தன்மை என்று நினைத்துக்கொண்டிருந்தான்.

கூட்டத்தில் இருந்த ஒரே நாற்காலி கண்ணாயிரத்துக்குப் போடப்பட்டது. அவர் கனைத்துக்கொண்டு, தான் கண்டதை விவரித்தார். பரண், வெயில், ஓடை, காற்றில் ஆடிய முந்தானை, ஒன்றும் விடவில்லை. முந்தானை ஆடியதை இரண்டு முறை சொன்னார். கிழவர்கள் நன்றாகத் தலையாட்டிக் கேட்டார்கள்.

"எந்தக் கண்ணுங்க?" என்றார் ஒருவர்.

"எடது கண்ணு."

"பாதியா, முழுசாவா?"

"முழுசா."

"முழுசான்னா பெரிய குத்தந்தான்" என்று இன்னொருவர் பெருமூச்சு விட்டார். பாதிக் கண்ணுக்கும் முழுக் கண்ணுக்கும் எவ்வளவு வித்தியாசம் என்று கொஞ்ச நேரம் விவாதம் நடந்தது. இந்த விஷயத்தில் மேல்நெல்லிக் கிழவர்களுக்கு இவ்வளவு அனுபவம் இருந்தது அவர்களுடைய மனைவிமார்களுக்கே அன்றுதான் தெரிந்தது. பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு கிழவரை நோக்கி ஒரு பார்வை வந்தது. அவர் சட்டென்று வாயை மூடிக்கொண்டார்.

ராஜாக்கண்ணு ஓரமாகக் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தான். "நான் ஓடைக்கு மீன் பாக்கப் போனேன்" என்பதைத் தவிர வேறொன்றும் அவனுக்குச் சொல்லிக் கொடுக்கப்படவில்லை. எந்தக் கேள்விக்கும் அதையே சொன்னான்.

சம்பூர்ணம் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றாள். அவள் கண் கண்ணாயிரத்தின் மேல் இல்லை, கவுண்டர் மேலும் இல்லை. எதிரே உட்கார்ந்திருந்த அர்ச்சுனன் மேல் இருந்தது. என் பொண்டாட்டியை எனக்குத் தெரியும் என்று அவன் ஒரு வார்த்தை சொன்னால் போதும். புருஷனுக்கே குறையில்லை என்றால் கூட்டத்துக்கு வேலை இல்லை. மரமும் வெளியே வராது, பிள்ளையும் இடுப்பை விட்டு இறங்காது. அதைத்தான் அவள் பார்வையால் கேட்டாள். புருவத்தைத் தூக்கிக் கேட்டாள், தாடையை அசைத்துக் கேட்டாள். பிள்ளையை ஒரு இடுப்பிலிருந்து மறு இடுப்புக்கு மாற்றிக் காட்டிக் கேட்டாள். அர்ச்சுனன் தரையில் ஊர்ந்த எறும்பைப் பார்த்துக்கொண்டிருந்தான். அந்த எறும்பு எங்கே போகிறது என்று தெரியாமல் அவனால் எழுந்திருக்க முடியாது போலிருந்தது.

கோபால்சாமி தொண்டையைச் சரிசெய்துகொண்டார். "இன்னாம்மா சம்பூர்ணம், ஒத்துக்கறியா? சின்னப் பொண்ணு, ஏதோ வெளையாட்டா செஞ்சுட்ட. ஒத்துக்கினா முடிஞ்சு போச்சு."

முடிந்து போகும்தான். யாருக்கு என்பதுதான் கேள்வி. அவள் கடைசியாக ஒரு முறை அர்ச்சுனனைப் பார்த்தாள். எறும்பு அவன் கால் விரலைச் சுற்றிக்கொண்டு போனது.

"மாமா, நான் இன்னா செஞ்சேன்னு எனக்கே சரியா நெனப்பில்ல" என்றாள் சம்பூர்ணம். "பாத்தவரு கார்டு அய்யாதான். எப்புடி செஞ்சேன்னு ஒரு தடவ செஞ்சு காட்டட்டும். பாத்துட்டு ஒத்துக்கறேன்."

கண்ணாயிரத்துக்கு மனசு குளிர்ந்துவிட்டது. இவ்வளவு பெரிய கூட்டம் இதுவரை அவர் சொல்லை உட்கார்ந்து கேட்டதில்லை. நாற்காலியிலிருந்து எழுந்தார். எல்லோருக்கும் தெரிய வேண்டுமென்று நடுவில் வந்து நின்றார். தொப்பியை மேலே தள்ளினார். வலது காது மடலைப் பிடித்து நன்றாக இரண்டு முறை இழுத்தார். இடது கண்ணை மூடினார். அது போதாதென்று உதட்டில் ஒரு புன்சிரிப்பையும் சேர்த்துக்கொண்டார். சம்பூர்ணம் சிரித்ததாக யாரும் சொல்லவில்லை, அது தொடர்கதையிலிருந்து வந்தது.

காதை இழுத்தவர் யார் என்று பார்த்துவிட்டு அசைகிற பழக்கம் மேல்நெல்லிக்கு இல்லை. காது இழுபட்டால் கை கால் தானாக ஓடும். ராஜாக்கண்ணு எழுந்து ஒரே தாவலில் வேலியைத் தாண்டிப் புதருக்குள் போய்விட்டான். கிழவர் ஒருவர் மடியிலிருந்த மான்கொம்புப் பிடிக் கத்தியின் மேல் துண்டைப் போட்டார். சாந்தம்மாள் கொடியில் காய்ந்த புடவையை உருவி வைக்கோலின் மேல் விரித்தாள். கோபால்சாமி உட்கார்ந்திருந்த இடத்திலிருந்தே காலை நீட்டி, வெளியே தெரிந்த வேங்கை மர நுனியின் மேல் வைக்கோலைத் தள்ளினார். கூட்டத்தில் பாதி இடம் காலியாகிவிட்டது.

கண்ணாயிரம் ஒரு கண்ணை மூடியபடியே திகைத்து நின்றார். "இன்னா? எல்லாரும் எதுக்கு எழுந்து ஓடறீங்க?"

ஊருக்கு உயிர் போய் உயிர் வந்தது. சம்பூர்ணத்துக்கு வாயும் வந்தது.

"வெக்கம் அய்யா" என்றாள். "இத்தினி பேரு முன்னால கண்ணடிச்சா ஓடாம இன்னா செய்வாங்க?"

"ஏய், நான் எங்க அடிச்சேன்? சும்மா செஞ்சு காட்டினேன்!"

"நானும் சும்மாதாங்க செஞ்சேன். உங்க கண்ணுல ஏதாச்சும் வுழுந்துச்சா அய்யா?"

"ஒண்ணும் வுழல."

"என் கண்ணுல சாமைச் சுணை வுழுந்துச்சு. ஒண்ணுமே வுழாம மூடுனவரு நீங்க. கூட்டத்துப் பெரியவங்க சொல்லட்டும், ரெண்டு பேத்துல யாரு குத்தம் பெருசுன்னு."

காலையில் தேன் கொண்டுவந்த சாந்தம்மாள் புடவை விரித்த இடத்திலிருந்து நிமிர்ந்தாள். பாவம், அவளுக்கும் மனசு என்று ஒன்று இருந்திருக்கிறது.

"நான் இந்தப் பக்கமாத்தான் நின்னேன்" என்றாள். "கார்டு அய்யா என்னப் பாத்துத்தான் கண்ண மூடுனாரு. சிரிக்க வேற செஞ்சாரு. ஆமா, கீழ சந்தவாசல்ல வூட்டம்மா நல்லா இருக்காங்களாங்க? அடுத்த சந்தைக்கு எறங்கறப்ப பாத்து ஒரு வார்த்த பேசிட்டு வர்றேன்."

கண்ணாயிரத்தின் கண் அப்போதுதான் திறந்தது. ஆயிரத்தில் ஒன்று திறந்தாலும் திறந்ததுதானே. தொப்பியைக் காதுக்கு மேல் அழுத்திக்கொண்டார். அன்றைக்கு வெயில் அதிகம் என்றார். தூரமும் அதிகம் என்றார். யோசித்துப் பார்த்தால் அது காதா கழுத்தா என்றே சந்தேகமாக இருக்கிறது என்றார். கோபால்சாமி அதைப் பிடித்துக்கொண்டு, சாடை என்று ஒன்று நடக்கவே இல்லை என்று தீர்ப்புச் சொன்னார். கால் இன்னும் வைக்கோலின் மேல்தான் இருந்தது. கண்ணாயிரம் அவசரமாகப் பாதையில் இறங்கி மறைந்ததும், முழுக்கண் குற்றம் பெரிது என்று பெருமூச்சு விட்ட அதே கிழவர், "நம்ம சம்பூர்ணம் தங்கமான பொண்ணாச்சே" என்றார். ராஜாக்கண்ணுவைப் புதரிலிருந்து கூப்பிட்டு எடுக்க நேரமாயிற்று. மீன் பார்க்கப் போனேன் என்றுதான் அவன் அப்போதும் சொன்னான்.

சம்பூர்ணம் நேராகத் தன் வீட்டுக்குப் போனாள். காலையில் வந்த தேன் கிண்ணத்தை எடுத்துவந்து, கவுண்டர் வீட்டு அடுப்பு மேட்டில் அப்படியே வைத்துவிட்டுத் திரும்பினாள். பிள்ளை தோளில் தூங்கிவிட்டிருந்தது.

அர்ச்சுனன் பின்னால் ஓடி வந்தான். முகமெல்லாம் சிரிப்பு.

"கார்டை நல்லா மடக்கிட்ட! எனக்கும் கையும் காலும் பரபரன்னுதான் இருந்துச்சு. நீ ஒரு சாட காட்டியிருந்தா நானே எழுந்து பேசியிருப்பேனே."

சம்பூர்ணம் நின்றாள். அவனை முழுசாக, இரண்டு கண்ணாலும் பார்த்தாள்.

"நாள் பூரா உன்னப் பாத்துத்தான் காட்டினேன். ஊருல யாருக்கோ காட்டுனதா உனக்கு ரெண்டு நாளா தூக்கம் இல்ல. உனக்குக் காட்டுனது மட்டும் உன் கண்ணுல படல."

அவன், பிள்ளையைத் தான் வாங்கிக்கொள்கிறேன் என்பதுபோல் இரண்டு கையையும் நீட்டினான்.

"வாயத் தொறந்து கேளு" என்றாள் சம்பூர்ணம். பிள்ளையை அடுத்த தோளுக்கு மாற்றிக்கொண்டு கொல்லையைப் பார்த்து நடந்தாள். சாமை அறுக்க இன்னும் வெளிச்சம் இருந்தது.